மனையின் அளவும் சமன்பாடும்

(வெள்ளி விழாவில் ஆற்றிய உரை)

 

விழா மேடையில் கணக்குப் பாடமா என்று சிலர் எண்ணக்கூடும். நம்முள் பலர் வீட்டுப் பெட்டியில் இருக்கும் ஒரே சொத்து ஆவணம் மனைப் பட்டாதான். அதிலுள்ள எண்ணைத் தாமே சரிபார்க்க வல்லார் எத்தனை பேர்? 1892ஆம் ஆண்டு சென்னை மாகாண அரசு ஒடுக்கப்பட்ட மக்களுக்கென ஒதுக்கிய பஞ்சமி நிலங்கள் பெருமளவில் பிறர் கைக்குச் சென்றன. கணக்கறியாமைதான் அதற்குக் காரணம் என்று நான் கூறேன். கடனும் வலியாரின் வன்மையும் அதைவிடப் பெரிய காரணங்கள். ஆயினும் தன் நிலத்தைத் தானே கணிக்கத் தெரிந்தவனை ஏய்ப்பது எளிதன்று.

செவ்வகக் கணக்கில் நம் பிள்ளைகள் தடுமாறுவது எண்களால் அன்று, சொற்களால். ‘ஒரு மனையின் நீளம் அகலத்தைவிட 10 அடி மிகுதி, சுற்றளவு 140 அடி, நீள அகலம் யாவை?’ என்று கேட்டால், 140ஐயும் 10ஐயும் கண்டவுடன் கூட்டவோ வகுக்கவோ தொடங்கிவிடுவர். முதலில் தெரியாத அளவிற்குப் பெயர் சூட்ட வேண்டும். அகலத்தை ‘அ’ என்போம். நீளம் அ + 10. நீளத்திற்கு வேறு பெயர் வேண்டா. ‘அகலத்தைவிட’ என்னும் சொல்லே அதனைத் தந்துவிட்டது. மனையைச் சுற்றி வருங்கால் நீளமும் இருமுறை வரும், அகலமும் இருமுறை வரும். (ஒருமுறை மட்டும் கூட்டி ஏமாறுவோரே மிகுதி.) ஆகவே 4அ + 20 = 140. இருபுறமும் 20ஐக் கழிக்க, 4அ = 120. அகலம் 30 அடி, நீளம் 40 அடி. பரப்பு 1200 சதுர அடி. ஒரு சென்ட் 435.6 சதுர அடி ஆதலின், இது ஏறத்தாழ இரண்டே முக்கால் சென்ட்.

பெற்றோர்கள் இங்கே சற்றுச் செவிசாய்க்க வேண்டுகிறேன். அதே 140 அடிக் கயிற்றை 60 அடி நீளமும் 10 அடி அகலமுமாக வளைத்துக் கட்டலாம். சுற்றளவில் ஓர் அங்குலமும் குறையாது. பரப்போ 600 சதுர அடி, சரிபாதி! ‘சுற்றி அளந்துவிட்டோம், சரியாக இருக்கிறது’ என்று எவரேனும் சொன்னால், மனையின் பரப்பை அவர் இன்னும் அளக்கவில்லை என்றே கொள்க.

பரப்பு மட்டும் தெரிந்தால் என் செய்வது? பட்டாவில் மூன்று சென்ட் என்றிருக்கிறது. தெருவை ஒட்டிய பக்கம் 33 அடி. மூன்று சென்ட் என்பது 1306.8 சதுர அடி. மற்றப் பக்கத்தை ‘ப’ எனக் கொண்டால், 33 × ப = 1306.8; ப = 39.6 அடி. பின்வேலி 36 அடியிலேயே நின்றுவிட்டால், 118.8 சதுர அடி, அதாவது கால் சென்டிற்கும் மேல், நம் கையில் இல்லை. பட்டாவில் ஹெக்டேர், ஏர் என்று குறித்திருந்தாலும் வழி இதுவே. ஓர் ஏர் 100 சதுர மீட்டர், சுமார் 2.47 சென்ட்.

இவையனைத்தும் மூலைகள் செங்கோணமாக இருந்தால்தான் பொருந்தும். அதனை அறியக் கருவி வேண்டா, ஒரு கயிறு போதும். 30 அடிக்கு 40 அடி மனையில், மூலைக்கு மூலை குறுக்கே பிடித்தால் இரு பக்கமும் 50 அடி வரவேண்டும். எதிரெதிர்ப் பக்கங்கள் சரியாக இருந்தும், ஒரு குறுக்களவு 50 அடிக்குக் கூடி மற்றது குறைந்தால், மனை சாய்ந்திருக்கிறது. அதன் பரப்பும் 1200 சதுர அடிக்குக் குறைவே.