துவர் இருக்க 'டானின்' ஏன்?

(தனித்தமிழ்ப் பயிற்சி வகுப்பொன்றில் வேதியல் ஆசிரியர் ஒருவர் ஆற்றிய பொழிவின் எழுத்து வடிவம்)

 

எனக்குக் கொடுக்கப்பெற்ற தலைப்பு 'நிலைத்திணை வேதியற் கலைச்சொற்கள்' என்பது. அஃது ஒரு கடல். ஒரு மணி நேரத்தில் அதனை நீந்திக் கரையேறும் ஆற்றல் எனக்கில்லை. ஆதலின் ஒரே ஒரு சொல்லை மட்டும் எடுத்துக்கொள்கிறேன். நம் பாடநூல்கள் 'டானின்' என்று எழுதுகின்றனவே, அச்சொல்தான். இதனை நான் தேர்ந்ததற்கு ஒரு கரணியம் உண்டு. அதனை முதலிலேயே சொல்லிவிடுதல் நன்று. அது என் பிழையைப் பற்றியது.

பல்லாண்டுகளுக்கு முன் ஒரு தேர்வின் விடைத்தாள்களைத் திருத்திக்கொண்டிருந்தேன். மரப்பட்டைகளில் உள்ளதும் தோல் பதனிடப் பயன்படுவதுமாகிய பொருள் யாது என்பது வினா. ஒரு மாணாக்கன் 'துவர்' என்று எழுதியிருந்தான். கேளாமலே அதன் கீழ், 'ஆவாரம்பட்டையை இடித்து ஊறவைத்தால் இறங்கும்' என்று ஒரு வரியும் சேர்த்திருந்தான். என் கையிலிருந்த விடைக்குறிப்பில் 'டானின்' என்றிருந்தது. சிவப்பு மையால் அவன் விடையைக் குறுக்கே கோடிட்டேன், சுழி போட்டேன், அடுத்த தாளை எடுத்தேன். அன்றிரவு உணவின்போது நெல்லிக்காய்த் துண்டொன்றைக் கடித்தவுடன் அந்த விடை நினைவுக்கு வந்தது. அவன் எழுதியதில் என்ன பிழை? அந்தக் கேள்விக்கு விடை தேடப் புகுந்தவன் இன்றுவரை அதனை விட்டபாடில்லை.

முதலில் அந்த அயற்சொல்லின் பிறப்பைப் பார்ப்போம். பிரெஞ்சு மொழியில் 'தான்' என்பது தோல் பதனிடுவதற்காக இடித்த ஓக்கு மரப்பட்டை. அதற்கு மூலம் ஓக்கு மரத்தைக் குறித்த பழைய கெல்திய மொழிச் சொல்லாதல் வேண்டும் என்று சொல்லாய்வாளர் கருதுவர். பிரித்தானி நாட்டு மொழியில் ஓக்கு மரத்திற்கு இன்றும் 'தன்' என்று பெயர். பிரெஞ்சுப் புரட்சிக் காலத்தில் படைவீரர்க்குக் காலணித் தோல் பெருமளவில் வேண்டியிருந்தது. பதனிடும் நாளைக் குறைக்கும் வழியைக் கண்ட ஆர்மண்டு செகுவன் என்னும் வேதியலார், பட்டையினின்று இறங்கும் அப்பொருளுக்கு 1796ஆம் ஆண்டில் 'தானின்' என்று பெயரிட்டார். தம் ஊர்த் தொழிலாளியின் வாய்ச்சொல்லை எடுத்து, ஓர் ஈற்றைச் சேர்த்தார், அவ்வளவே. தமிழ்நாட்டு மாணாக்கன் செய்ததும் இதுதானே! அவனுக்கு ஈறு சேர்க்கும் தேவைகூட எழவில்லை.

இங்கிலாந்தின் அம்பிரி டேவி 1803இல் இப்பொருளைப் பற்றி ஓர் ஆய்வுரை வெளியிட்டார். அதன் தலைப்பிலேயே 'துவர்ப்புடைய நிலைத்திணைப் பொருள்கள்' என்ற கருத்தில்தான் சொற்களை அமைத்தார். அவரும் நாவிலிருந்துதான் தொடங்கினார் என்பதை மறவாதீர்கள். அவர் ஆய்ந்தவற்றுள் பம்பாயிலிருந்தும் வங்கத்திலிருந்தும் சென்ற காசுக்கட்டியும் ஒன்று. கருங்காலி வகை மரத்தின் வயிரத்தைக் காய்ச்சி இறுக்கி எடுப்பது அது. காசுக்கட்டியை ஆங்கிலர் 'கட்டெச்சு' என்பர். அது மலாய் மொழியின் 'கச்சு' என்பதிலிருந்து வந்ததென்றும், அந்தக் 'கச்சு' தமிழிலும் கன்னடத்திலும் வழங்கும் 'காசு' என்னும் சொல்லோடு உறவுடையதென்றும் மேலை அகரமுதலிகளே குறிக்கின்றன. அந்தக் கட்டெச்சிலிருந்து பிரித்த பொருளுக்குத்தான் 'கட்டெச்சின்' என்று வேதியலார் பெயரிட்டனர். தேயிலையைப் பற்றிப் பேசுவோர் இன்று நாள்தோறும் வாய் நிறையச் சொல்லும் 'கேட்டச்சின்' அதுவே. நம் கடைத்தெருச் சொல் கடல் கடந்து அறிவியற் சொல்லாய்த் திரும்பியிருக்கிறது. நாம்தான் அதனை அடையாளம் காணவில்லை.

இனி, பொருளுக்கு வருவோம். பச்சை வாழைக்காயையோ நாவற்பழத்தையோ கடித்தால் வாய் வறண்டு, நாக்குத் தடித்து, கன்னங்கள் உள்ளே இழுக்கப்படுவதுபோல் தோன்றுகிறதே, அப்போது வாயில் நிகழ்வது என்ன? உமிழ்நீரின் வழவழப்புக்குக் கரணியமான புரதங்களை அப்பொருள் பற்றிப் பிணைத்துத் திரளச் செய்கிறது. வழவழப்பு நீங்க, நாக்கும் கன்னமும் உராய்கின்றன. அதைத்தான் துவர்ப்பு என்கிறோம். தோற்குழியில் நிகழ்வதும் இதுவே. விலங்குத் தோலின் நார்ப்புரதங்களுக்கிடையே இப்பொருள் புகுந்து, அவற்றைப் பிணைத்து, நீரை வெளியேற்றுகிறது. பின்னர் நுண்ணுயிர்களால் அத்தோலை எளிதில் அழிக்க இயலாது. அழுகும் தோல் அழுகாத தோலாகிறது. வாயில் ஒரு நொடியில் நடப்பது குழியில் பல நாள் நடக்கிறது. பேட்சுமித்து, சுவெயின் என்னும் இருவர் 1962இல் தந்த வரையறையும் இதனையே சொல்கிறது: நீரில் கரைவதும், ஏறத்தாழ 500 முதல் 3000 வரை மூலக்கூற்று எடை உடையதும், ஊன்பசை முதலிய புரதங்களை வீழ்படிவாக்குவதுமாகிய பீனால் வகைப் பொருள். பிணைத்து வீழ்த்துதலே இதன் இலக்கணம் என்பதை உளங்கொள்க.

இப்பொழுது தமிழுக்கு வருக. துவர்தல் என்னும் வினைக்கு உலர்தல், புலர்தல் என்னும் பொருளுண்டு. குமரி மாவட்டத்தில் குளித்துத் துடைக்கும் துண்டைத் 'துவர்த்து' என்பர். மலையாளத்துத் 'தோர்த்து' அதன் உடன்பிறப்பு. ஈரம் போக்குவது துவர்த்து. வாயின் ஈரம் போக்குவது துவர்ப்பு. ஓக்கு மரம் என்று சொன்னால் அப்பொருளின் தொழில் விளங்குமா? துவர் என்றால் விளங்குகிறது.

துவர் சுவைக்கு மட்டும் பெயரன்று, பொருளுக்கும் பெயர். சிலப்பதிகாரத்துக் கடலாடு காதையில் மாதவி நீராடிய நன்னீர், பத்து வகைத் துவர் ஊறியது. உரையாசிரியர் வழி அப்பத்தும் நமக்குத் தெரியும்: பூவந்தி, கடுக்காய், நெல்லி, தான்றி, கருங்காலி, நாவல், ஆல், அரசு, அத்தி, இத்தி. இவற்றுள் ஒன்பதை இன்றைய ஆய்வுக்கூடத்திற்கு எடுத்துச் சென்றால், டானின் உடையவை என்றே விடை வரும். கடுக்காயின் உலர்ந்த தோட்டில் நூற்றுக்கு ஏறத்தாழ 30 பங்கு அதுவே. பூவந்தி மட்டும் வேறு; அதன் சிறப்பு நுரைக்கும் பொருளால் வந்தது. பழைய வகைப்பாடும் புதிய வகைப்பாடும் முற்றும் ஒன்றே என்று நான் வாதிட வரவில்லை. முன்னோர் எல்லாம் அறிந்திருந்தனர் என்று மேடையில் முழங்கிக் கைதட்டு வாங்கலாம்; அதனால் சொல்லுக்கு ஒரு நன்மையும் இல்லை. சொல் இருந்தது, பொருளைக் குறித்தது, அப்பொருளை நீரில் ஊறவைத்து இறக்கும் பழக்கமும் இருந்தது என்பதே போதும்.

துவர் என்றால் செந்நிறம் என்றும் பொருளுண்டு; துவராடை என்பது செங்காவி உடை. ஒரு வகைத் துவர்ப்பொருள் காடியோடு காய்ச்சினால் சிவந்து வீழ்படியும். தோல் தொழிலார் அதனை நன்கறிவர். பாக்கின் துவர் சுண்ணாம்போடு சேர்ந்து வாயைச் சிவப்பாக்குவதை நாம் அனைவரும் அறிவோம். சுவைப்பெயரும் நிறப்பெயரும் இதனால்தான் ஒன்றாயின என்று உறுதி சொல்லேன். நினைக்க இனிக்கிறது, அவ்வளவே.

இனி வழக்கில் நேரும் பிழைகள். 'டானின் என்பது ஓர் அமிலம்' என்று நாளிதழ்களில் எழுதுகிறார்கள். 'தேநீரில் டானிக் அமிலம் உள்ளது' என்று நன்கு கற்றவர்களும் சொல்கிறார்கள். இரண்டும் தவறு. டானின் ஒரு தனிப்பொருளன்று. ஒரு பெருங்கூட்டத்தின் பொதுப்பெயர். டானிக் காடி என்பது அக்கூட்டத்தில் ஒன்று. மாசிக்காய் போன்றவற்றிலிருந்து எடுப்பது. தேயிலையில் உள்ளது வேறு. 1920இல் பிராய்டன்பர்கு இக்கூட்டத்தை இரண்டாகப் பகுத்தார். நீரேற்றால் சருக்கரையும் காடியுமாய்ப் பகுவது ஒன்று. கடுக்காயும் மாசிக்காயும் அவ்வகை. அவ்வாறு பகாமல், கட்டெச்சின் போன்ற சிற்றலகுகள் தொடர்ந்து செறிந்து நிற்பது மற்றொன்று. ஆவாரையும் கருங்காலியும் அவ்வகை. முன்னதை 'நீர்பகு துவர்' என்றும், பின்னதைச் 'செறிதுவர்' என்றும் சொன்னால் எட்டாம் வகுப்பு மாணாக்கனுக்கும் விளங்கும். கட்டெச்சின் தனித்து நிற்கும்போது துவரன்று. துவரின் செங்கல் எனலாம். அயற்பெயரால் எழுதுங்கால் இவ்வேறுபாடு மறைந்துபோகிறது. கரணியம் எளிது: பொருள் தெரியாத சொல்லை எங்கு வைத்தாலும் நமக்கு உறுத்துவதில்லை.

மறுப்புகள் உண்டு. யான் கேட்டவற்றுள் வலியதை முதலில் சொல்கிறேன். படிகாரமும் துவர்க்கிறதே, அது மண்ணிலிருந்து வரும் உப்பாயிற்றே, அதனையும் துவர் என்பீரோ என்று வேதியற் பேராசிரியர் ஒருவர் வினவினார். நேர்மையான வினா. துவர்ப்பது எல்லாம் துவர் ஆகாது என்பதே விடை. புளிப்பது எல்லாம் புளியா? மாங்காய் புளிக்கிறது, ஆனால் புளி என்றால் இன்ன பொருள் என்று அடுக்களையில் எவரும் மயங்குவதில்லை. சுவை புளிப்பு, பொருள் புளி. சுவை உவர்ப்பு, பொருள் உவர். அதுபோலவே சுவை துவர்ப்பு, பொருள் துவர். மொழி இந்த வாய்க்காலை முன்பே வெட்டி வைத்திருக்கிறது. நாம் நீர் பாய்ச்சினால் போதும். வேதியலில் துவர் என்பதை நிலைத்திணைப் பொருளுக்கே உரியதாக வரையறுத்துவிட்டால், படிகாரம் தானே விலகிநிற்கும். உப்பு என்னும் சொல்லையும் அவ்வாறுதானே வரையறுத்துக்கொண்டோம்? வேதியலாரின் உப்புகளையெல்லாம் குழம்பில் போட முடியுமா!

உலகம் முழுவதும் 'டானின்' என்கிறது, நாம் மட்டும் வேறுபடுவதா என்பது அடுத்த மறுப்பு. உலகம் முழுவதும் அப்படிச் சொல்லவில்லை. இத்துறையை வளர்த்தெடுத்த செருமானியர் இதனை 'கெர்ப்சுடோப்' என்பர்; பதனிடு பொருள் என்பது அதன் பொருள். உருசியர் தம் மொழியில் ஓக்கு மரத்தைக் குறிக்கும் சொல்லிலிருந்து தமக்கென ஒன்று செய்துகொண்டனர். அதனால் அவர்தம் வேதியல் குன்றிப்போகவில்லை.

புதுச்சொல் படைப்பது நகைப்புக்கிடம் என்பார் சிலர். அவர்க்கு ஒரு செய்தி. பிராக்கோனோ என்னும் பிரெஞ்சு வேதியலார் ஒரு காடிக்குப் பெயர் வைக்க வேண்டியிருந்தது. மாசிக்காயைக் குறிக்கும் தம் மொழிச் சொல்லிலிருந்து 'காலிக்' என்ற பெயர் முன்பே இன்னொரு காடிக்கு எடுத்தாயிற்று. அவர் என்ன செய்தார் தெரியுமா? அதே சொல்லின் எழுத்துகளைத் தலைகீழாகத் திருப்பி 'எலாகிக்' என்று பெயரிட்டுவிட்டார்! மாதுளையைப் பற்றி எழுதுவோர் இன்றும் அதனைப் பணிவோடு எழுதுகின்றனர். நாம் சங்கம் மருவிய காலத்துச் சொல்லை நேராக வைத்து எழுதினால் மட்டும் நகைப்பு வருகிறது.

வீட்டிற்குச் சென்றதும் ஒன்று செய்து பாருங்கள், மாணாக்க நண்பர்களே. நெல்லிக்காயைப் பழைய இரும்புக் கத்தியால் அறுங்கள். கத்தியும் காயும் கருக்கும். துவர் இரும்போடு கூடிக் கருமையாகிறது. கடுக்காயும் அன்னபேதியும் சேர்த்து நம்மவர் மை காய்ச்சியது இவ்வழியில்தான். ஆய்வுக்கூடத்தில் இரும்புக் குளோரைடு கரைசல் விட்டுத் துவரைக் கண்டறியும் முறைக்கும் இதற்கும் அடிப்படை ஒன்றே. அடுக்களையில் கண்டதை 'துவர் கருத்தது' என்று எழுதிப் பழகுங்கள்.

இன்னொன்று. ஆம்பூர், வாணியம்பாடி, இராணிப்பேட்டை, திண்டுக்கல், ஈரோடு எனத் தோல் தொழில் ஊன்றிய ஊர்கள் நமக்குப் பல. ஆவாரையை ஆங்கிலர் 'தோல் பதனிடுவோர் கொன்றை' என்றே அழைத்தனர். சென்னை அடையாற்றில் 1948இல் நடுவணரசின் தோல் ஆய்வு நிறுவனமும் அமைந்தது. பட்டைக்குழியில் நின்று வேலை செய்தவர்கள், பட்டையை இடிப்பது முதல் தோலைக் கரையேற்றுவது வரை ஒவ்வொரு நிலைக்கும் ஒரு சொல் வைத்திருந்தனர். குரோமிய உப்பு வந்தபின் பட்டைக்குழிகள் குறைந்தன. அச்சொற்களைச் சொல்வோரும் முதுமை அடைந்துவிட்டனர். யான் திரட்டியிருப்பது மிகச் சில. உங்கள் ஊரில், உங்கள் குடும்பத்தில் அத்தொழில் செய்தவர் இருந்தால், அவர் சொன்ன சொல்லை அவர் சொன்னபடியே, திருத்தாமல், ஓர் அஞ்சலட்டையில் எழுதி இவ்விதழின் முகவரிக்கு விடுங்கள். யான் சுழி போட்ட அந்த மாணாக்கனுக்கு இன்று ஐம்பது அகவை கடந்திருக்கும். அவனும் இதைப் படித்து எழுதுவானாயின், அவன் அஞ்சலட்டையைத்தான் முதலில் பிரிப்பேன்.