குத்தகைக்கு எடுத்த சரித்திரம்



குத்தகைக் காணியில் எவ்வளவு பாடுபட்டாலும், தவணை முடிந்ததும் வரம்பேறி வெளியே வரவேண்டும் என்பதைக் கமக்காரருக்கு நாம் எடுத்துரைக்க வேண்டியதில்லை. ஆனால், ஒரு மக்களின் உரிமைப் போராட்டச் சரித்திரமே இவ்வாறு தவணை முடிந்து பூட்டிவைக்கப்பட்டது என்றால் நம்புவீர்களா?

அமெரிக்கக் கறுப்பின மக்கள் சமவுரிமை வேண்டி நடத்திய அறப்போராட்டத்தைக் காட்டும் 'ஐஸ் ஒன் த பிறைஸ்' என்னும் ஆவணப்படத்தை, பொஸ்ரன் நகரத்து ஹென்றி ஹாம்ப்ரன் தமது குழுவினருடன் தயாரித்தார். 1987இலும் 1990இலும் இரு பகுதிகளாக, பதினான்கு பாகங்களில் அது அமெரிக்கத் தொலைக்காட்சியில் வெளிவந்தது. மொன்ற்கொமறி நகரில் 1955இல் தொடங்கிய பஸ் பகிஷ்காரமும், 1965இல் செல்மாவில் நடந்த ஊர்வலமும் அதிலே உயிருடன் எழுகின்றன.

ஆனால் அப்பழைய காட்சிகளுள் பெரும்பாலானவை செய்தி நிறுவனங்களுக்கும் காப்பகங்களுக்கும் உரியவை. நிரந்தர உரிமை வாங்கப் பணம் போதாமையால், பலவற்றைச் சில ஆண்டுத் தவணைக்கே பெற்றனர். தொண்ணூறுகளில் அத்தவணைகள் முடிந்தன. அதன் பின் படத்தை ஒளிபரப்பவும் இயலவில்லை. புதிய பிரதிகளை விற்கவும் இயலவில்லை. பாடசாலைகளிலும் நூலகங்களிலும் தேய்ந்த நாடாக்களே எஞ்சின. 1998இல் ஹாம்ப்ரன் காலமானார். போர்ட் தாபனமும் ஒரு கொடையாளரும் பொருளுதவி செய்து உரிமைகள் புதுப்பிக்கப்பட்ட பின்னரே, 2006இல் படம் மீண்டும் ஒளிபரப்பாயிற்று.

அடியும் உதையும் பட்டவர்கள் ஒருசாரார். அதற்குச் சாட்சியான படச்சுருளின் உரிமையாளர் வேறொருசாரார்! சுருளைப் பழுதுறாமல் பேணுவோர்க்கும் செலவுண்டு. அவர்கள் கூலி கேட்பதை நாம் குறைகூறோம். எனினும், ஒரு மக்களின் நினைவு பணமுள்ளவரை மட்டும் வாழ்வது நீதியாகுமா?

ஆகவே, பழங்காட்சிகளைக் கொண்டு படமெடுக்க முனைவோர்க்கு நாம் கூறுவது இது: சுருளை வைத்திருப்பவரும் பதிப்புரிமை உடையவரும் ஒருவரேயென எண்ணற்க. காட்சியில் ஒலிக்கும் பாடலுக்குத் தனி அநுமதி வேண்டும். எத்தனை ஆண்டுக்கு, எந்தெந்த நாட்டில், எவ்வெவ் வழியில் காட்டலாம் என்பதை எழுத்தில் பெறுக. படத்தொகுப்பு முடிந்த பின் விலை கேட்பவன், அறுவடைக்குப் பின் குத்தகை பேசுபவனுக்கு ஒப்பானவன். அமெரிக்க மத்திய அரசின் ஊழியர் கடமையில் எடுத்த படங்களுக்கு அந்நாட்டில் பதிப்புரிமை இல்லை. அத்தகையவற்றை முதலில் தேடுக. கூடுமானால் நிரந்தர உரிமையே பெறுக.

காணி வாங்கும்போது உறுதியை வரிவரியாக வாசிக்கிறோம். சரித்திரத்துக்கு எழுதும் உறுதியை வாசியாமல் ஒப்பமிடலாமா? போராடியவர்களின் பேரப்பிள்ளைகள் அப்போராட்டத்தைக் காண, தவணைப் பணம் குறுக்கே நிற்கலாகாது.