போனவருடைய கையெழுத்து



ஒரு தாயின் நினைவாகப் பிள்ளைகள் நிறுவிய அறக்கட்டளை இது. பிரிவைப் பற்றிப் பேசுங்கள் என்று அவர்கள் கேட்டவுடன், பாப்பாமோட்டையில் ஒரு வீட்டு விறாந்தையில் பார்த்த சொப்பின் பைதான் என் கண்முன் வந்தது.

மோட்டை என்றால் வன்னி வழக்கில் சிறு குளம். மன்னாரிலிருந்து பூநகரிக்குப் போகும் வீதியோரம், மாந்தை மேற்குப் பிரிவில் இருக்கிறது அந்த ஊர். வயலும் உவர்நிலமும் அடுத்தடுத்துக் கிடக்கும். 2008இல் போர் அடம்பனையும் விடத்தல்தீவையும் கடந்தபோது அந்தப் பக்கம் முழுதும் வெறுமையானது. கிழக்கே நகர்ந்த சனம் 2009 மே மாதம் முள்ளிவாய்க்காலைக் கண்டு, செட்டிகுளம் முகாம்களில் கிடந்து, பிறகுதான் திரும்பியது. அப்படித் திரும்பிய ஒரு அக்கா, கணவரில்லாமல் மூன்று பிள்ளைகளோடு வந்தவர், அந்தப் பையை என் முன்னால் அவிழ்த்தார். உள்ளே ஒரு பை, அதற்குள் இன்னொரு பை, மேலே இறப்பர் வளையம். குடும்ப அட்டை, பிறப்புச் சான்றிதழ்கள், முகாமில் கொடுத்த துண்டு, கணவருடைய அடையாள அட்டையின் பிரதி. எல்லாவற்றுக்கும் அடியில் நாலாக மடித்த சீதன உறுதி. அதன் ஒரு மூலையில் செம்மண் தண்ணீர் ஊறிய கறை. பங்கருக்குள் இறங்கும்போதெல்லாம் ஒரு கையில் கடைக்குட்டி, மறு கையில் இந்தப் பை என்றார்.

பிரிவு என்றதும் நாம் பாலைத் திணைக்குப் போய்விடுகிறோம். பிரிதல் அதன் உரிப்பொருள் என்று பள்ளியிலேயே படித்தோம். பொருள் தேடப் போனவனுக்காக ஏங்கும் தலைவியின் உள்ளத்தை நம் புலவர்கள் அறிந்த அளவுக்கு வேறெவர் அறிந்திருப்பார் என்று எனக்குத் தெரியவில்லை. ஆனால் அவன் போன பிறகு வயலை யார் குத்தகைக்கு விட்டார்கள், மகளுக்கு எந்தக் காணியை எழுதினார்கள் என்று எந்தப் பாட்டும் சொல்லவில்லை. நான் பார்த்த பெண்களின் இரவுகளைத் தின்றது அந்தக் கணக்குத்தான்.

வட மாகாணத் தமிழர்களிடையே வழங்கும் தேசவழமை, 1707இல் ஒல்லாந்தர் தொகுத்து எழுதிவைத்த சட்டம். முதுசம், சீதனம், தேடியதேட்டம் என்று சொத்தைப் பிரித்து, பெண்ணுக்குத் தாய்வழி வந்ததைப் பெண்ணுக்கே உரியதாக வைத்தது. எத்தனையோ நாட்டுப் பெண்களுக்கு அந்தக் காலத்தில் இல்லாத உரிமை அது, நாம் பெருமைப்படலாம். ஆனால் அந்தக் காணியை அவள் விற்கவோ ஈடு வைக்கவோ கணவரின் எழுத்துமூலச் சம்மதம் வேண்டும். 1911ஆம் ஆண்டுக் கட்டளைச் சட்டமும் அந்த விதியை அப்படியே வைத்துக்கொண்டது. கணவர் எங்கே என்று தெரியாவிட்டால் அவள் மாவட்ட நீதிமன்றத்துக்கு மனுப் போட்டு, அவருடைய சம்மதத்துக்குப் பதிலாக நீதிபதியின் கட்டளையைப் பெறவேண்டும். காணி அவளுடையது. கையெழுத்து அவருடையது. அவரோ இல்லை.

போர் முடிந்த அடுத்த ஆண்டே, 2010இல், ஒரு தற்காலிகச் சட்டம் வந்தது. ஓராண்டுக்கு மேல் காணாமற் போனவருக்கு மரணச் சான்றிதழ் எடுக்கலாம் என்றது. எடுத்தால் உதவித்தொகை, வீட்டுத்திட்டம், காணி என்று எல்லாக் கதவும் திறக்கும். அந்த அக்காவிடமும் எடுக்கச் சொல்லியிருக்கிறார்கள். “செத்திட்டார் எண்டு நான் எப்பிடித் தங்கச்சி கையெழுத்து வைக்கிறது? நாளைக்கு அவர் வந்து படலையில நிண்டா என்ர முகத்தை எங்க வைக்கிறது?” என்று என்னைக் கேட்டார். பிடிவாதம் என்றுதான் பலர் சொன்னார்கள். தன் கையால் கணவரைக் கொல்ல மறுத்தவர் என்றே நான் சொல்வேன். 2017 பெப்ரவரி 20இல் கிளிநொச்சி கந்தசுவாமி கோயிலடியில் காணாமற் போனவர்களின் தாய்மார் தொடர் போராட்டத்துக்கு உட்கார்ந்ததும் இதே மறுப்போடுதான். அதற்கு முந்திய ஆண்டில்தான், இறந்தார் என்று சொல்லாமல், காணக்கிடைக்கவில்லை என்று மட்டும் சொல்லும் சான்றிதழுக்குச் சட்டம் இடம் கொடுத்தது. போர் முடிந்த பிறகு அந்தச் சிறு வித்தியாசத்துக்கு ஏழு ஆண்டுகள் பிடித்தன.

உயிரோடு போனவர்களின் வீட்டிலும் இதே கதைதான், வலி கொஞ்சம் குறைவு. தலைமன்னார்க் கப்பல் 1984இல் நின்ற பிறகு வள்ளமேறி இராமேஸ்வரம் போய், மண்டபம் முகாமில் பதிந்தவர்கள் உண்டு. கட்டாருக்கும் கனடாவுக்கும் போனவர்கள் உண்டு. அங்கிருந்து அற்றோணித் தத்துவம் வந்து சேரும்வரை இங்கே ஒரு உறுதியும் நகராது. அயலூரான விடத்தல்தீவின் முஸ்லிம் பெண்கள் 1990 ஒக்டோபரில் ஊரோடு விரட்டப்பட்டுப் புத்தளம் பக்கம் போனவர்கள். அவர்களுடைய சட்டம் வேறு. இழந்த காணிக்கு உறுதி தேடி அலைந்த அலைச்சல் ஒன்றே.

பிறகு பெண்களே புறப்பட்டார்கள். கடல் கடந்து போகையில் ஆண் பெண்ணை உடனழைத்துச் செல்லும் வழக்கமில்லை என்கிறது தொல்காப்பியம். குவைத்துக்கும் சவுதிக்கும் வீட்டு வேலைக்குப் போன நம் பெண்கள், ஆணை வீட்டில் விட்டுவிட்டுக் கடல் கடந்தார்கள். 2013இல் அவர்களுக்கென்று குடும்பப் பின்னணி அறிக்கை ஒன்று கட்டாயமாக்கப்பட்டது. ஐந்து வயதுக்குக் குறைந்த பிள்ளை இருந்தால் அப்போது போக முடியாதிருந்தது. அதிலும் கணவரின் சம்மதம் வேண்டியிருந்தது. ஆண்கள் போனபோது மனைவியின் சம்மதத்தை யாரும் கேட்டதில்லை.

ஒரே ஓரிடத்தில் மட்டும் பெண்ணின் கையெழுத்து தாராளமாகச் செல்லுபடியானது: நுண்கடன். காணி ஈடு வேண்டாம், கணவர் வேண்டாம். ஒருவருக்கு ஒருவர் பிணை நின்று கையெழுத்திட்டால் காசு கைக்கு வரும். வாராவாரம் மோட்டார் சைக்கிளில் வசூலுக்கு வருவார்கள். ஒருத்தி கட்டாவிட்டால் மற்றவர்கள் கட்டவேண்டும். அப்படி அயலவர்களுக்குள்ளேயே முகம் முறிந்த ஒழுங்கைகளை நான் கண்டிருக்கிறேன். 2018இல் அரசாங்கம் வறட்சி பாதித்த மாவட்டங்களில் ஒரு இலட்சம் ரூபாய் வரையான கடன்களுக்கு நிவாரணம் அறிவிக்க வேண்டிவந்தது. தன் காணியை ஈடு வைக்கத் தகுதியில்லாத கையெழுத்து, ஊர் முழுதையும் ஈடு வைக்கத் தகுதி பெற்றது எப்படி? சட்டம் படிக்கும் பிள்ளைகள் இந்த அவையில் இருக்கிறீர்கள். உங்களிடம்தான் கேட்கிறேன்.

பாப்பாமோட்டை அக்கா கடன் எடுக்கவில்லை. மாதர் சங்கத்தில் சீட்டுப் பிடித்தார், ஓலை வார்ந்து கடகம் இழைத்தார், மற்றவர் வயலில் களை பிடுங்கினார். மூத்தவளுக்குக் கலியாணம் பொருந்தியபோது அந்தச் சீதனக் காணியை எழுத வேண்டியிருந்தது. மன்னார் நீதிமன்றத்துக்கு எத்தனை தவணை போனார் என்று அவரே எண்ணுவதை விட்டுவிட்டார். கடைசியில் எழுதிய புது உறுதியில், கணவரின் சம்மதம் வரவேண்டிய இடத்தில் வழக்கு இலக்கம் இருந்தது.

கலியாணக் கார்ட் அடிக்கப் போன இடத்தில், பெண்ணின் தகப்பன் பெயருக்கு முன்னால் ‘காலஞ்சென்ற’ என்று போடவா என்று அச்சகத்துப் பொடியன் கேட்டிருக்கிறான். “வேண்டாம் தம்பி” என்றாராம். திரு, திருமதி என்றுதான் கார்ட் வந்தது. அதிலொன்றை அந்தப் பைக்குள், செம்மண் கறை பட்ட பழைய உறுதிக்கு மேலே வைத்திருக்கிறார்.