செனட் தேர்தலை நிறுத்தினால் காலியாவது யாருடைய நாற்காலி?

(மும்பை தாராவியில் நடந்த மாணவர் படிப்பு வட்டக் கூட்டத்தில் பேசியதன் எழுத்து வடிவம்)



பல்கலைக்கழக செனட் தேர்தல் வழக்குகளைப் பற்றிப் பேசச் சொன்னீர்கள். முதலில் என் தவறை ஒப்புக்கொள்கிறேன். இதே தாராவியில் வளர்ந்து, எங்கள் வீட்டில் முதல் ஆளாகப் பட்டம் வாங்கியவன் நான். செனட்டுக்குப் பட்டதாரிகள் ஓட்டுப் போடலாம் என்பதே எனக்குப் பல ஆண்டுகள் தெரியாது. தெரிந்த பிறகும் பதிவு செய்யவில்லை. அது கட்சிக்காரர்கள் சமாச்சாரம் என்று விட்டுவிட்டேன்.

மகாராஷ்டிரப் பொதுப் பல்கலைக்கழகச் சட்டம், 2016, செனட்டில் பதிவுசெய்த பட்டதாரிகளுக்கு 10 இடம் தருகிறது. அதில் 5 இடம் ஒதுக்கீடு. பட்டியல் சாதி, பழங்குடி, சீர்மரபினர் - நாடோடிச் சமூகங்கள், இதர பிற்படுத்தப்பட்டோர், பெண்கள் என ஒவ்வொரு தரப்புக்கும் ஓரிடம். உதவித்தொகை ஏன் வரவில்லை, இடஒதுக்கீட்டுப் பேராசிரியர் பணியிடம் ஏன் காலியாகக் கிடக்கிறது என்று துணைவேந்தரை முகத்துக்கு நேரே கேட்கக்கூடிய இடம் அது.

மும்பைப் பல்கலைக்கழகத்தின் முந்தைய செனட் 2022இல் காலாவதியானது. தேர்தலுக்கு 2023 செப்டம்பர் 10 என்று நாள் குறித்தார்கள். ஆகஸ்ட் 17 அன்று இரவு நிறுத்திவிட்டார்கள். பட்டியலில் ஒரே பெயர் இரண்டு முறை இருக்கிறதாம். சரி, இருந்தால் நீக்க வேண்டியதுதானே? புதிதாகப் பதிவு நடத்தினார்கள். 90 ஆயிரத்துக்கு மேல் பெயர்கள் இருந்த பட்டியல் 13 ஆயிரத்துச் சொச்சமாகச் சுருங்கியது. தாணே, ராய்கட் தாண்டி சிந்துதுர்க் வரை பரந்த பல்கலைக்கழகத்துக்கு இவ்வளவுதான் வாக்காளர்கள்!

அடுத்த நாள் குறித்தது 2024 செப்டம்பர் 22. இரண்டே நாள் இருக்கும்போது, 20ஆம் தேதி, மாநில அரசின் கடிதத்தைக் காட்டி மறுபடி ஒத்திவைப்புச் சுற்றறிக்கை. காரணம் மறுபடியும் வாக்காளர் பட்டியல் புகார். யுவசேனா வேட்பாளர்கள் பம்பாய் உயர் நீதிமன்றத்துக்குப் போனார்கள். சனிக்கிழமையே விசாரித்து சுற்றறிக்கைக்குத் தடை போட்டது நீதிமன்றம். 24ஆம் தேதி தேர்தல் நடந்தது. 2018இல் பத்து இடத்தையும் பிடித்த யுவசேனா, இம்முறை உத்தவ் தாக்கரே தரப்பாக நின்று பத்தையும் பிடித்தது. ஏன் இத்தனை முறை தள்ளிப்போயிற்று என்பதை நீங்களே ஊகித்துக்கொள்ளுங்கள்.

சட்டத்தில் ஒரு வேடிக்கை இருக்கிறது. 1952இல், நாமக்கல்லில் வேட்புமனு தள்ளுபடியான பொன்னுசாமி தொடுத்த வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது இதுதான்: தேர்தல் தொடங்கிவிட்டால் நடுவில் நீதிமன்றம் குறுக்கிடாது, குறை இருந்தால் முடிந்த பிறகு தேர்தல் மனு போடு. அது அரசமைப்புச் சட்டப் பிரிவு 329ஐ ஒட்டி, சட்டமன்றத் தேர்தலைப் பற்றிய தீர்ப்பு. ஆனாலும் மற்ற தேர்தல் வழக்குகளிலும் அதைத்தான் எடுத்துக் காட்டுகிறார்கள். பெயர் விடுபட்ட ஒரு பட்டதாரி 'நிறுத்துங்கள்' என்று போனால், 'தேர்தல் முடியட்டும், பிறகு வா' என்ற பதில்தான் பெரும்பாலும் கிடைக்கும். அதே தேர்தலை நிர்வாகம் ஒரு சுற்றறிக்கையால் ராத்திரியோடு ராத்திரியாக நிறுத்திவிடுகிறது. அதை உடைக்க, சனிக்கிழமை நீதிபதிகளை உட்காரவைக்கும் வலு வேண்டும். கட்சி பின்னால் இருந்தது, முடிந்தது. பழங்குடி இடத்துக்குத் தனியாக நிற்கும் ஒரு பெண்ணால் முடிந்திருக்குமா?

இந்த இரண்டு ஆண்டும் பல்கலைக்கழகம் ஓடிக்கொண்டுதான் இருந்தது. பதவி வழியாக அவையில் அமர்வோர் அமர்ந்துகொண்டுதான் இருந்தார்கள். காலியாகக் கிடந்தவை பட்டதாரிகளின் பத்து நாற்காலிகள். அதில் பாதி நம்முடையவை.

தேர்தல் நடந்தாலே நீதி வந்துவிடும் என்று நான் சொல்லவரவில்லை. 1927இல் பம்பாய் சட்டசபையில் பல்கலைக்கழகச் சட்டத் திருத்த மசோதா வந்தபோது, பிற்படுத்தப்பட்ட வகுப்பாருக்கு செனட்டில் இடம் வேண்டும் என்று பாபாசாகேப் வாதாடினார். அன்று பட்டதாரி ஓட்டு என்றால் அது மேல்சாதி ஓட்டுதான். இன்றும் ஒதுக்கீட்டு இடங்களுக்கு எல்லாப் பட்டதாரிகளும் சேர்ந்தே வாக்களிக்கிறார்கள். தனித்தொகுதியில் நாம் பார்த்த அதே சிக்கல்: வேட்பாளர் நம்மவர், ஜெயிக்கவைப்பது மற்றவர்கள். அதனால் கட்சி நிழலில் நிற்பவர்தான் வருகிறார். வந்தவர் கட்சிக்குப் பதில் சொல்வாரா, நமக்கா? இந்தக் கேள்வியை நாம் விடக் கூடாது. ஆனால் ஓட்டுப் பட்டியலில் பெயரே இல்லாமல் அதைக் கேட்டால் யார் காதில் விழும்?

செனட்டின் காலம் 5 ஆண்டு. அடுத்த பதிவு தொடங்கியதும் அவரவர் பட்டச் சான்றிதழோடு இதே அறையில் உட்கார்ந்து விண்ணப்பம் நிரப்பலாம் என்று நினைக்கிறேன். என்னுடையது அம்மாவின் டிரங்குப் பெட்டியில் கிடக்கிறது. இந்த வாரமே தேடி எடுத்துவைக்கிறேன்.