ஆட்கொணர்வு மனுவும் மணவுரிமையும்
(சல்லியில் நிகழ்த்திய உரை)



வயது வந்த மகள் ஒருத்தி தன் விருப்பப்படி மணஞ்செய்து வீட்டைவிட்டுப் போய்விட்டாளென்றால், நம்மிடையே முதலில் எழும் கேள்வி, "அவளை எவ்வாறு திருப்பிக் கொண்டுவருவது?" என்பதே. பொலிசாரிடம் ஓடுகிறோம், சட்டத்தரணியிடம் ஓடுகிறோம். அவ்வேளை காதில் விழுவது ஆட்கொணர்வு மனு என்னும் சொல். அம்மனு எதற்காக ஏற்பட்டதென்பதை இன்று சிறிது ஆராய்வோம்.

எவரேனும் ஒருவரைச் சட்டத்துக்கு மாறாகத் தடுத்து வைத்திருந்தால், "அவரை எம்முன் நிறுத்து, தடுத்து வைத்ததற்கு நியாயம் கூறு" என நீதிமன்றம் இடும் கட்டளையே ஆட்கொணர்வு எழுத்தாணை. 1937 இல், தோட்டத் தொழிலாளருக்காகப் பேசிய அவுஸ்திரேலிய இளைஞர் பிறேஸ்கேடிலை நாட்டைவிட்டு வெளியேற்ற ஆளுநர் ஸ்டப்ஸ் கட்டளையிட்டார். கைதான இளைஞரை மீட்டது இம்மனுவே. பிற்காலத்தில் வடக்கு கிழக்கிலே காணாமலாக்கப்பட்ட பிள்ளைகளைத் தேடித் தாய்மார் நீதிமன்றப் படியேறியதும் இதே மனுவுடன்தான். 1978 ஆம் ஆண்டு அரசியலமைப்பின் 141 ஆம் உறுப்புரை இவ்வதிகாரத்தை மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கு அளித்தது. 1987 இல் வந்த பதின்மூன்றாந் திருத்தம் மாகாண மேல் நீதிமன்றங்களுக்கும் அளித்தது.

ஆகவே, இது அடைபட்டவரை விடுவிக்கும் திறவுகோல். இத்திறவுகோலையே பூட்டாக்கினால் என்னாகும்? அயலிலுள்ள கேரளத்தில் அது நடந்தது.

இந்துக் குடும்பத்திற் பிறந்து, இஸ்லாத்தைத் தழுவி, ஹாதியா என்று பெயர் பூண்ட 24 வயது மருத்துவ மாணவி ஒருவர் 2016 டிசெம்பரில் ஒரு முஸ்லிம் இளைஞரை மணந்தார். தந்தையின் ஆட்கொணர்வு மனுவை விசாரித்த கேரள நீதிமன்றம் 2017 மே 24 இல் அம்மணம் செல்லாதென்று கூறி, அவரைப் பெற்றோரிடம் ஒப்படைத்தது. வழக்கு இந்திய உச்ச நீதிமன்றத்துக்குச் சென்றது. 2017 நவம்பரில் அவரே அந்நீதிமன்றத்தில் நின்று, தமக்குச் சுதந்திரம் வேண்டுமென்றார். 2018 மார்ச் 8 இல் அம்மணம் செல்லுமெனத் தீர்ப்பாயிற்று. வயது வந்தவரின் மணத்தை ஆட்கொணர்வு மனுவில் விசாரித்து இரத்துச்செய்யலாகாது. அவர் தம் விருப்பப்படி இருக்கிறாரா என்பதே கேள்வி. அதற்கு விடை கூறவேண்டியவர் அவரே. தீர்ப்பின் சாரம் இதுதான்.

அன்பர்களே! இவ்வழக்கை இந்து இளைஞர் மன்றத்திலே எடுத்துரைப்பது நமக்கு எளிதன்று. நம் சமயத்தை விட்டுச் சென்ற பெண்ணின் கதை அது. ஆயினும், நமக்கு உவப்பான தெரிவுக்கு மட்டும் கொடுக்கப்படுவது உரிமையாகாது. நம் பிள்ளைக்குக் கேட்கும் நியாயத்தை அயலான் பிள்ளைக்கும் கேட்பதே தருமம்.

நம் புராண இதிகாசங்கள் இதை அறியாதவையல்ல. சத்தியவான் ஓராண்டில் இறப்பானென்று நாரதர் உரைத்த பின்னும் சாவித்திரி தன் தெரிவை மாற்றவில்லை. தந்தை அசுவபதி புத்தி கூறினார். மகள் உறுதியாய் நின்றபோது மணஞ்செய்து கொடுத்தார். அவரிலும் வலிய காரணம் எந்தத் தகப்பனுக்கு உண்டு?

பெற்றோர் அறிவுரை கூறலாம், மனம் வருந்தலாம், கோபிக்கவுங் கூடும். அறையிற் பூட்டலாகாது. பதினெட்டு வயது நிரம்பாத பிள்ளையின் நிலை வேறு. அங்கே காப்பது நம் கடன். வயது வந்தவளேயாயினும் ஏமாற்றியோ அச்சுறுத்தியோ வைத்திருக்கிறார்களென்று ஐயம் எழுந்தால், தயங்காது நீதிமன்றம் செல்வோம். ஆனால், அங்கே அவள் எவர் முகத்துக்கும் அஞ்சாது பேச இடங்கொடுப்போம். அவள் சொல்லும் விடை நமக்குக் கசந்தாலும் ஏற்போம்.

வீட்டுக் கதவைத் திறந்தே வைப்போம். கோபித்துப் போன பிள்ளை திரும்பிவரவும் அந்தக் கதவுதான் வேண்டும்.