உபாத்தியாயரும் பாக்கிச் சம்பளமும்



நம் நாட்டில் உபாத்தியாயருக்கு மரியாதைக்குக் குறைவே இல்லை. மாதா, பிதாவுக்கு அடுத்தபடி குரு என்கிறார்கள்; தெய்வத்துக்குக்கூட அவருக்குப் பின்னால்தான் இடம் கொடுக்கிறார்கள். ஆனால் அந்தக் குருவைப் பார்த்துப் பள்ளிக்கூட மானேஜர் ஒருநாள், "நாளை முதல் வரவேண்டாம்" என்று சொல்லிவிட்டால், அவர் வீட்டு அடுப்பு எதனால் எரியும் என்று ஒருவரும் கேட்பதில்லை. ஊரார் போட்ட கும்பிடு அரிசிக் கடையில் செல்லுமா என்று நாம் கேட்கின்றோம்.

இந்தப் பெருமையே உபாத்தியாயருக்குக் கெடுதலாகவும் முடிந்திருக்கின்றது. கோவாவில் வேலை போன ஓர் ஆசிரியை, தொழில் தகராறுச் சட்டத்தின் கீழ் நியாயம் கேட்டார். 1988-ல் சுப்ரீம் கோர்ட்டார், கல்வி புகட்டுவது உயர்ந்த பணியாகையால், 1947-ம் வருஷத்திய அந்தச் சட்டப்படி உபாத்தியாயர் தொழிலாளி ஆகமாட்டார் என்று தீர்ப்புச் சொன்னார்கள். அதாவது, பணி உயர்ந்ததாக இருந்ததால் பாதுகாப்பு இல்லாமற்போயிற்று! ஆனாலும் உபாத்தியாயர்களுக்குச் சமூகநீதியை மறுக்கலாகாது, அவர்களுக்குத் தக்க ஏற்பாடு வேண்டும் என்று அந்தக் கோர்ட்டாரே சொன்னார்கள் என்பதையும் மறைக்காமல் சொல்லுகின்றோம்.

மகாராஷ்டிரத்தில் அவுரங்காபாத்தில் நடந்ததைக் கேளுங்கள். ஓர் ஆரம்பப் பள்ளி ஆசிரியையை நிர்வாகத்தார் 2006-ல் சஸ்பெண்டு செய்து, 2007-ல் வேலையைவிட்டே நீக்கிவிட்டார்கள். 2009-ல் பள்ளி ட்ரிப்யூனல், நீக்கியது செல்லாது, திரும்ப வேலையில் சேர்த்துக்கொண்டு முழு பாக்கிச் சம்பளமும் கொடு என்றது. 2011-ல் ஐக்கோர்ட்டார், வேலை சரி, சம்பளம் இல்லை என்று மாற்றினார்கள். 2013 ஆகஸ்டு 12-ந் தேதி சுப்ரீம் கோர்ட்டார் ட்ரிப்யூனல் உத்தரவையே நிலைநிறுத்தி, நான்கு மாதத்துக்குள் பணம் கொடுக்காவிட்டால் நூற்றுக்கு 9 வட்டியும் சேர வேண்டும் என்றார்கள்.

"வேலை செய்யாத நாளுக்குச் சம்பளமா?" என்று சில பெரிய மனிதர்கள் கேட்கிறார்கள். வேலை செய்யமாட்டேன் என்றவர் யார்? உபாத்தியாயரா? வாசற்கதவைச் சாத்தியவர் நிர்வாகியல்லவா? நீக்கியது செல்லாதென்றால், அவர் அத்தனை நாளும் வேலையில் இருந்தவரே ஆவார். சம்பளத்தை மறுப்பது குற்றமற்றவரைத் தண்டித்து, குற்றவாளிக்கு இனாம் கொடுப்பதேயாகும். இந்த நியாயத்தைத்தான் 2013-ம் வருஷத் தீர்ப்பும் சொல்லுகின்றது.

ஆனால் அத்தீர்ப்பைக் கண்ணை மூடிக்கொண்டு வாங்கும் பணமென்று நினைத்துவிடக்கூடாது. எத்தனை வருஷம் வேலை பார்த்தார், குற்றச்சாட்டு என்ன, நிர்வாகத்தின் பண நிலை என்ன என்பதெல்லாம் கவனிக்கப்படும். இடையில் தமக்கு வேறு வேலையோ, வருமானமோ இல்லை என்று உபாத்தியாயர் முதலில் எழுதிக் கொடுக்க வேண்டும். அதன் பிறகு, இருந்தது என்று நிரூபிக்க வேண்டிய பாரம் நிர்வாகத்தினுடையது.

தமிழ்நாட்டிலும் 1973-ம் வருஷத்துத் தனியார் பள்ளிகள் சட்டம், கல்வி அதிகாரியின் முன் சம்மதமில்லாமல் உபாத்தியாயரை நீக்கக் கூடாதென்றும், சஸ்பெண்டு சாதாரணமாக இரண்டு மாதத்துக்கு மேற்படக் கூடாதென்றும் விதித்தது. சட்டம் இருந்தும் அதைப் படித்துப் பார்த்தவர்கள் எத்தனை பேர்?

ஆகவே, வேலை போன உபாத்தியாயர்கள் ஜாதகத்தைப் புரட்ட வேண்டாம். கிரகக் கோளாறு என்று பரிகாரம் தேடவும் வேண்டாம். நியமன உத்தரவு, சம்பள ரசீது, நீக்கிய கடிதம் இவைகளைப் பத்திரப்படுத்துங்கள். வாய்ச்சொல்லால் நீக்கினால், வேலைக்கு வந்தும் மறுக்கப்பட்டதை அன்றே எழுதித் தபாலில் அனுப்புங்கள். அப்பீல் கெடு தவறவிடாதீர்கள்.

ஊராருக்கும் ஒரு வார்த்தை. ஆறேழு வருஷம் கோர்ட்டு வாசலில் நிற்க ஏழை உபாத்தியாயரால் தனியே முடியாது. உங்கள் பிள்ளைக்கு எழுத்தறிவித்தவருக்கு நீங்கள் கும்பிடு போட வேண்டியதில்லை; அவர் பக்கத்தில் சாட்சியாக வந்து நின்றால் போதும். அதுதான் அவருக்குச் செய்யும் உண்மையான மரியாதை என்று சொல்லி இதை முடித்துக்கொள்ளுகின்றோம்.