முதியோர் வலியும் கடை மாத்திரையும்



வயது முதிர்ந்தவர்களின் வலியைப் பற்றிச் சில வார்த்தைகள் சொல்லும்படி இவ்வூர்த் தோழர்கள் நம்மைக் கேட்டுக் கொண்டார்கள். நாம் வைத்தியரல்ல. ஆனாலும் வைத்தியர்கள் எழுதி வைத்திருப்பதைப் படிக்கவும், படித்ததை நாலு பேருக்குச் சொல்லவும் யாருடைய உத்தரவும் வேண்டியதில்லை.

முழங்கால் வலிக்கிறதென்று ஒரு பாட்டி சொன்னால் நம் வீடுகளில் இரண்டு பதில்தான் கிடைக்கிறது. ஒன்று, "வயசானால் வலிக்கத்தான் செய்யும், தலைவிதி" என்பது. மற்றொன்று, பையனைக் கடைக்கு ஓட்டி, "வலி மாத்திரை நாலு கொடுங்க" என்று வாங்கி வரச் சொல்லுவது. முன்னது சோம்பேறித்தனம்; பின்னது ஆபத்து. கடைக்காரர் கத்தரித்துக் கொடுக்கும் துண்டில் பல சமயம் மருந்தின் பெயர்கூட முழுதாக இருப்பதில்லை.

டைக்ளோபினாக், அசிக்ளோபினாக், ஐபுபுரூபன் ஆகியவையெல்லாம் ஒரே ஜாதி. (மனிதரில் ஜாதியை நாம் ஒப்புக்கொள்ளாவிட்டாலும் மருந்தில் ஒப்புக்கொள்ளத்தான் வேண்டியிருக்கிறது.) இவை வலியை அடக்குவது மெய். ஆனால் வலியை உண்டாக்கும் சரக்கை உடம்பில் தடுக்கும்போதே, இரைப்பையின் உட்சுவரைக் காப்பதையும், சிறுநீரகத்துக்கு இரத்தம் ஓடச் செய்வதையும் சேர்த்தே தடுக்கின்றன. வாலிபன் தாங்குவான். 70 வயதுக்காரருக்கு வயிற்றில் புண் கண்டு, வலியே தெரியாமல் இரத்தம் கசியக்கூடும். மலம் தார்போலக் கறுத்தால் அன்றைக்கே ஆஸ்பத்திரிக்குப் போகவேண்டும். இரத்த அழுத்த மாத்திரையும், நீர் பிரிய மாத்திரையும் தின்பவர் இதையும் சேர்த்துத் தின்றால் சிறுநீரகம் திடீரென்று கெட்டுப் போகலாம். இருதயம் பலவீனமானவருக்குக் காலில் நீர் கோக்கும்.

பிணந்தின்னிக் கழுகுகளின் கதையைக் கேட்டிருப்பீர்கள். மாட்டுக்குக் கொடுத்த டைக்ளோபினாக், செத்த மாட்டைத் தின்ற கழுகின் சிறுநீரகத்தைக் கெடுத்து, அவ்வினத்தையே அநேகமாக அழித்துவிட்டது. 2006-ல் சர்க்கார் அதை மாட்டு வைத்தியத்தில் தடுத்தார்கள். மனிதன் உடம்பு வேறு, கழுகின் உடம்பு வேறு என்பது சரிதான். ஆனாலும் கழுகுக்காகச் சட்டம் வந்த தேசத்தில், பாட்டிக்காகக் கடைக்காரர் ஒரு கேள்விகூடக் கேட்பதில்லையே!

பின் எதைத்தான் உபயோகிப்பது? மூட்டு வலியானால் முதலில் டைக்ளோபினாக் களிம்பு. முழங்காலிலும் விரல் மூட்டிலும் தடவினால் இரத்தத்தில் கலப்பது சொற்பமே. புண்ணின்மேல் தடவக்கூடாது. அடுத்தது பாரசிட்டமால். தேய்ந்த முழங்காலுக்கு அது பெரிய நிவாரணம் தந்துவிடாது. ஆனால் வயிற்றுக்கு அவ்வளவு கெடுதலில்லை. திடமான பெரியவர்கூட 500 மில்லிகிராம் மாத்திரையை 24 மணி நேரத்தில் 8-க்குமேல் தின்னக்கூடாது. மெலிந்த முதியவரும், குடிப்பவரும், கல்லீரல் கெட்டவரும் அதிலும் குறைத்து, வைத்தியர் சொல்லும் அளவோடு நிறுத்தவேண்டும். சளி மாத்திரைகள் பலவற்றிலும் இதே மருந்து ஒளிந்திருக்கிறது; அதையும் கணக்கில் சேர்க்க வேண்டும்.

காசில்லாத வைத்தியமும் உண்டு. நாற்காலியில் உட்கார்ந்து காலை நேராக நீட்டி, ஐந்து எண்ணும்வரை நிறுத்தி இறக்கினால் தொடைச் சதை பலப்படும். சதை பலப்பட்டால் மூட்டுக்குப் பாரம் குறையும். பருத்தவர் உடம்பில் 1 கிலோ குறைந்தால் ஒவ்வோர் அடிக்கும் முழங்காலில் 4 கிலோ குறைகிறது. கைத்தடியை வலிக்கிற காலுக்கு எதிர்ப்பக்கக் கையில் பிடிக்கவேண்டும். வலிக்கிற பக்கத்திலேயே பிடித்துக்கொண்டு, தடியால் பிரயோஜனமில்லை என்பவர்களே அதிகம்.

கடைசியாக, சந்தையில் கூவி விற்கும் மூலிகைப் பொடி. "பக்க விளைவே இல்லை" என்கிறான். இப்படிப்பட்ட பொடிகளைச் சோதித்தபோது ஸ்டீராய்டு கலந்திருந்தது பல தேசங்களில் பலமுறை வெளியாகியிருக்கிறது. மூன்றே நாளில் வலி பறக்கும் இரகசியம் அதுதான்! பிறகு முகம் வீங்கும், சர்க்கரை ஏறும், எலும்பு உளுக்கும். மாதக்கணக்காகத் தின்றவர் நம் பேச்சைக் கேட்டு இன்றிரவே நிறுத்திவிடவும் கூடாது. திடீரென்று நிறுத்தினால் உயிருக்கே மோசம் வரலாம். அந்தப் பொடியையும், வீட்டிலுள்ள எல்லா மாத்திரை அட்டைகளையும் ஒரு பையில் போட்டு, நாளைக்கே வைத்தியரிடம் எடுத்துக்கொண்டு போய்க் காட்டுங்கள்.